மருமகன் கடலில் இறங்கிய நாள்

மருமகன் விண்வெளியிலிருந்து முதன்முதலாகத் தொலைபேசி எடுத்தபோது நான் மீன் கழுவிக்கொண்டிருந்தேன். விளைமீன். லண்டனில், எங்கள் குட்மேய்ஸ் கடையில் வெட்டித் தருவார்கள், ஆனால் செதிலை அரைகுறையாகத்தான் எடுப்பார்கள். மிச்சத்தை நான்தான் எடுக்க வேண்டும்.

திரையில் இலக்கம் விழவில்லை. முழங்கையால் அழுத்தி "ஹலோ" என்றேன். பதில் இல்லை. இன்னொரு "ஹலோ". யாரோ தூரத்தில் மூச்சு விடுவதுபோல ஓர் இரைச்சல் மட்டும். உங்களுக்கு அண்மையில் விபத்து ஏதும் நடந்ததா, நட்டஈடு எடுத்துத் தரட்டுமா என்று கேட்பவர்களின் அழைப்பு இப்படித்தான் தொடங்கும். வெட்டிவிட்டேன்.

மறுபடி வந்தது. மறுபடி வெட்டினேன்.

அடுத்த முறை, "எங்களுக்கு ஒண்டும் வேண்டாம்" என்று தமிழிலேயே சொன்னேன். சற்று நேரம் கழித்து, "அம்மா, நான் ஷின்ஜி" என்றது குரல்.

அங்கிருந்து பேசினால் குரல் போய் வர நேரம் எடுக்குமாம். அதனால் பலர் யாரும் இல்லை என்று வெட்டிவிடுவார்களாம். "கவலைப்படாதீர்கள், என் சொந்த அம்மாவும் வெட்டினார்" என்றார். எங்களுக்குள் பேச்சு ஆங்கிலத்தில்தான். 'அம்மா', 'ஓம்' இரண்டும் மட்டும் தமிழில் வரும். மற்றதை நான் தமிழாக்கித் தருகிறேன்.

"இப்ப எங்கே நிற்கிறீர்கள்?" என்று கேட்டேன். வேறு என்ன கேட்பது?

"சிலிக்கு மேலே."

மீனை மூடி வைத்துவிட்டுக் கையைக் கழுவிக்கொண்டு வருவதற்குள் தென்னமெரிக்காவைத் தாண்டிவிட்டார்.

கேட்ட உதவி

சென்ற இதழில் என் பிரசவ விடுதி அனுபவத்தை எழுதியபோது, அன்று பிறந்த பிள்ளை இப்போது என்ன செய்கிறாள் என்று சிலர் கேட்டிருந்தார்கள். அவள் பெயர் தர்சினி. லண்டனில், பூமியைச் சுற்றுகிற செய்மதிகளுக்கு மென்பொருள் எழுதுகிறாள். அவளுடைய கணவர்தான் இந்த ஷின்ஜி. ஜப்பானியர். விமான, விண்கலப் பொறியியலாளர். பிறகு விண்வெளி வீரர்.

அன்று அவர் சுகம் விசாரிக்க எடுக்கவில்லை. ஓர் உதவி கேட்க எடுத்தார்.

அவர் பூமிக்குத் திரும்பும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. வழக்கமாகக் குடும்பத்தை அமெரிக்காவுக்கு அழைத்துப்போய், கட்டுப்பாட்டு அறைக்குப் பக்கத்தில் வைத்துக்கொள்வார்கள். ஆனால் திரும்பும் நாள் தள்ளித் தள்ளிப் போனதில் தர்சினிக்கு வயிறு பெரிதாகிவிட்டது. இரத்த அழுத்தமும் ஏறியிருந்தது. விமானத்தில் ஏறக் கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். எங்கள் வீட்டில்தான் இருந்தாள்.

"அந்த நாளில் எங்கள் அலுவலகத்திலிருந்து ஒருவர் உங்கள் வீட்டுக்கு வருவார்" என்றார் ஷின்ஜி. "அது விதி. ஏதாவது நடந்தால் குடும்பத்துக்குச் சொல்வது அவருடைய பொறுப்பு. நல்ல பெண். ஆனால் தர்சினிக்கு அவரை அவ்வளவாகத் தெரியாது. நீங்கள் சொன்னால் நல்லது."

"நானா? எனக்கு லிப்டில் ஏறவே பயம்."

"தெரியும். அதனால்தான் கேட்கிறேன். நடக்கக்கூடிய எல்லாவற்றையும் நீங்கள் ஏற்கெனவே யோசித்து வைத்திருப்பீர்கள். புதிதாக அதிர மாட்டீர்கள்."

பிறகு, பயிற்சியில் தங்களுக்குச் சொல்லித்தந்த முறையை எனக்கும் சொன்னார். முதல் வசனத்திலேயே செய்தி இருக்க வேண்டும். 'ஆனால்', 'ஒருவேளை' எதுவும் கூடாது. சுற்றி வளைக்கக் கூடாது. கேட்பவர் ஒரு நிமிடம்கூடத் தவறான இடத்தில் நிற்கக் கூடாது.

"ஓம்" என்றேன். தொடர்பு அறுந்தது. மீனைப் பொரித்தேன்.

ஆயிரம் கொக்கு

ஷின்ஜி பிறந்தது ஜப்பானின் வடக்கே, வீட்டுக் கூரையிலிருந்து பனியை மண்வெட்டியால் தள்ளுகிற ஊரில். படித்தது விமானப் பொறியியல். முதல் வேலை வால்வு செய்வது. ராக்கெட்டுக்குள் எரிபொருளைத் திறந்து மூடுகிற வால்வு. சிறு வயதிலிருந்தே வானத்தைப் பார்த்துக்கொண்டிருந்தீர்களா என்று அவரிடம் பலரும் கேட்பார்கள். "இல்லை, வால்வைப் பார்த்துக்கொண்டிருந்தேன்" என்பார்.

ஜப்பானில் விண்வெளி வீரர்களை அடிக்கடி தேர்ந்தெடுப்பதில்லை. ஒரு தடவை தவறினால் அடுத்த தடவைக்குள் ஒரு பிள்ளை பிறந்து பள்ளிக்கூடம் போய்விடும். ஷின்ஜி முதல் தடவை தவறினார். அதன்பிறகுதான் லண்டனுக்கு வேலைக்கு வந்து தர்சினியைச் சந்தித்தார். அந்த வகையில் தேர்வாளர்களுக்கு நாங்கள் கடமைப்பட்டிருக்கிறோம்.

அடுத்த தடவை கூப்பிட்டபோது போனார். கடைசிச் சுற்றுக்கு வந்தவர்களை யன்னல் இல்லாத அறையில் பல நாள் பூட்டி வைத்து, கமராவில் பார்த்துக்கொண்டிருந்தார்களாம். அதற்குள் ஆளுக்கு ஆயிரம் காகிதக் கொக்கு மடிக்கச் சொல்லியிருக்கிறார்கள். எவ்வளவு வேகம் என்பது பெரிதில்லை. முதல் கொக்கும் கடைசிக் கொக்கும் ஒரே மாதிரி இருக்கிறதா என்று பார்ப்பார்களாம். களைப்பிலும் சலிப்பிலும் கை என்ன செய்கிறது என்று அறிய.

"அப்ப எங்கட கோயிலில மாலை கட்டுற ஆளை அனுப்பியிருக்கலாமே" என்றார் என் கணவர்.

தர்சினி இதை மொழிபெயர்த்துச் சொன்னாள். ஷின்ஜி சிரிக்கவில்லை. அந்த ஆளின் வயது என்ன, கண்பார்வை எப்படி என்று கேட்டார்.

என் கணவரைப் பற்றி ஒரு வார்த்தை. லண்டன் நிலத்தடி ரயிலில் நெடுங்காலம் சாரதியாக இருந்தவர். மருமகன் தேர்வானதும் மற்றவர்களைப்போல அவர் பரவசப்படவில்லை. "அவரும் டிரைவர், நானும் டிரைவர்" என்று ஆட்களுக்குச் சொன்னார். ஒருநாள் ஷின்ஜியிடம், திரும்பி வரும்போது பிரேக் எப்படிப் பிடிப்பீர்கள் என்று விசாரித்தார். ஆரம்பத்தில் சிறிது நேரம் இயந்திரத்தை எதிர்ப்பக்கமாக இயக்கி வேகத்தைக் குறைப்போம், மிச்சத்துக்குக் காற்றுத்தான் பிரேக் என்றார் ஷின்ஜி.

"காத்தோ?"

"ஓம்."

அன்று இரவு என் கணவர் யன்னலைத் திறந்து, கையை வெளியே நீட்டிக் காற்றைப் பார்த்தார்.

நடக்கலாம் என்று சொன்னவர்

நான் பயந்த சுபாவம். இதை மறைக்க முடியாது, தெரிந்த ஆட்கள் எல்லாருக்கும் தெரியும். பிள்ளை ரயிலில் ஏறினால் பை கதவில் சிக்கும் என்று நினைப்பேன். மழை பெய்தால் வெள்ளம், வெயில் அடித்தால் தீ. இல்போர்டில் ஒரு மருந்துக் கடையில் மருந்தாளராக வேலை பார்ப்பதால் நோய்களிலும் எனக்குப் பஞ்சமில்லை. வீட்டில் நான் வாயைத் திறந்தாலே, "ஒண்டும் நடக்காது, சும்மா இருங்கோ" என்பார்கள்.

தர்சினி முதன்முதலாக ஷின்ஜியை வீட்டுக்குக் கூட்டி வந்தபோது அவர் வெறும் வால்வுக்காரர். மேசையில் நண்டுக் குழம்பு. அவர் கையாலேயே சாப்பிட்டார். நான் கேட்டேன்:

"அந்த வால்வு இறுகி, திறக்காமல் விட்டால்?"

"அம்மா, ஸ்டாப்" என்றாள் தர்சினி. "இது இன்டர்வியூ இல்லை."

"நடக்கலாம்" என்றார் ஷின்ஜி. "அதற்கு இன்னொரு வால்வு இருக்கிறது."

"அதுவும் இறுகினால்?"

நண்டுக்காலைக் கீழே வைத்தார். என்னை நன்றாகப் பார்த்தார். "அந்தக் கேள்விக்குத்தான் நாங்கள் இரண்டு வருடமாக வேலை செய்கிறோம்" என்றார்.

என் வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருவர் 'நடக்கலாம்' என்று சொன்னார். மனம் ஆறியதுபோல இருந்தது. ஒன்றும் நடக்காது என்பவர்கள் எதையும் யோசித்துப் பார்க்காதவர்கள். இவர் யோசித்துப் பார்த்துவிட்டு, அதன்பிறகும் நண்டு சாப்பிடுகிறார்.

ஜாதகம் பார்க்காமலே நான் சம்மதித்தேன். இதை அவருடைய சாதனைகளில் ஒன்றாக என் தங்கை இன்றும் சொல்கிறாள்.

பிறகு வந்த வருடங்களில் சனிக்கிழமைகளில் பேசுவோம். நான் கேட்பேன், அவர் பதில் சொல்வார். உடுப்பில் ஓட்டை விழுந்தால்? விழலாம், இவ்வளவு நேரம் தாங்கும், அதற்குள் உள்ளே வர வேண்டும். பல்லு வலித்தால்? வலிக்கலாம், ஒருவருக்கொருவர் பல் பிடுங்கப் பழகியிருக்கிறோம். கழிவறை பழுதானால்? அது அடிக்கடி ஆகும். யாராவது இறந்தால்? அதற்கும் ஓர் ஏற்பாடு இருக்கிறது என்றார், அதையும் சொன்னார். நான் நன்றாகத் தூங்கினேன்.

இன்னும் போகேல்லையோ

தேர்வானால் உடனே ராக்கெட்டில் ஏற்றிவிடுவார்கள் என்றுதான் நாங்களும் நினைத்திருந்தோம். முதலில் ரஷ்ய மொழி படிக்கவிட்டார்கள். தண்ணீருக்கு அடியில் நாள் முழுக்க ஆணி முடுக்கவிட்டார்கள். குகைக்குள் விட்டார்கள். குளிர்காலத்தில் காட்டுக்குள் விட்டார்கள். அதன்பிறகு நீண்ட காலம், மேலே இருக்கிற மற்றவர்களோடு கீழேயிருந்து பேசுகிற வேலை. ஹூஸ்டன் ஒரு காலம், ஜப்பான் ஒரு காலம், இடையில் லண்டனுக்கு வந்து மனைவி முகத்தைப் பார்ப்பது.

கலியாண வீடுகளில் என்னைக் கண்டால் கேட்பார்கள்.

"என்னக்கா, மருமகன் இன்னும் போகேல்லையோ?"

"இல்லை."

"ஏன், விசா வரேல்லையோ?"

"அதுக்கு விசா இல்லை."

"அப்ப என்ன பிரச்சினை? ஹவுன்ஸ்லோவில எங்கட அண்ணையின்ர மகன் ஏர்போட்டிலதான் வேலை. கேட்டுப் பாக்கட்டோ?"

கேட்கட்டும் என்றேன். உதவி செய்ய வருகிறவர்களை ஏன் மறுக்க வேண்டும்?

கடைசியில் ஒருநாள் போனார். தர்சினி அமெரிக்காவுக்குப் போய் நேரே நின்று பார்த்தாள். நான் குட்மேய்ஸில் தலையணையை முகத்தில் வைத்துக்கொண்டு, என் கணவர் சொல்லச் சொல்லக் கேட்டேன். "கிளம்பீட்டுது... நேராத்தான் போகுது... இன்னும் போகுது..." ரயில் நிலையத்தில் அறிவிக்கிற குரலில் சொன்னார். சில வாரங்களுக்கு முன்பு விடுமுறையில் வந்து போனதன் பலன் தர்சினியின் வயிற்றில் இருப்பது அப்போது அவளுக்கே புதுச்செய்தி.

எங்கள் வீட்டு ஒழுங்கு

நல்லது கெட்டது சொல்வதில் எங்கள் ஆட்களுக்கு ஓர் ஒழுங்கு உண்டு. சாவுச் செய்தியைச் சாப்பிடாதவருக்குச் சொல்லக் கூடாது. சொன்னால் பிறகு சாப்பிட மாட்டார். ஆகவே முதலில் சாப்பாடு, பிறகு செய்தி.

என் அப்பா ஊரில் இறந்தபோது நாங்கள் லண்டனில், வால்தம்ஸ்டோவில் ஓர் அறையில் குடியிருந்தோம். என் மச்சாள் வேலை நாளில் திடீரென்று வந்தாள். இடியப்பமும் சொதியும் கொண்டுவந்திருந்தாள். "சாப்பிடு, சாப்பிடு" என்று பக்கத்திலிருந்து பரிமாறினாள். சொதி நன்றாக இருக்கிறது, எப்படி வைத்தாய் என்று வேறு நான் கேட்டேன். அவளும் எப்படி வைப்பதென்று சொன்னாள். கை கழுவிவிட்டு வந்து உட்கார்ந்த பிறகுதான் விஷயத்தைச் சொன்னாள்.

எனக்கு அவள்மேல் கோபம் வரவில்லை. அதன்பிறகு இரண்டு நாள் நான் சாப்பிடவில்லை என்பதால் அவள் செய்தது சரி என்றே நினைத்தேன். அதையே நானும் செய்தேன். என் அண்ணா காலமான அன்று தர்சினி பல்கலைக்கழகத்திலிருந்து வந்தாள். புட்டும் முட்டைப் பொரியலும் கொடுத்து, முடியும்வரை பார்த்திருந்து, பிறகு சொன்னேன். மாமா என்றால் அவளுக்கு உயிர். தட்டையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தாள்.

அன்றிலிருந்து, கேட்காமல் நான் ஒரு தட்டை நீட்டினால், "அம்மா, ஆர் செத்தது?" என்று கேட்பாள். வீட்டில் அது ஒரு பகிடியாகிப்போனது.

ஆகவே ஷின்ஜி சொல்லித்தந்த முறை எனக்குப் புதிது. நான் அதைப் பாடமாக்கினேன். இரண்டு வசனங்கள். ஒன்று, 'வந்திட்டார் பிள்ளை, சுகமாய் இருக்கிறார்.' மற்றதை இங்கே எழுத மாட்டேன். அதுவும் அவ்வளவு நீளம்தான். அரிசி கழுவும்போதும் வேலைக்குப் போகிற ரயிலிலும் இரண்டையும் மாறி மாறிச் சொல்லிப் பார்த்தேன். எது தேவைப்பட்டாலும் குரல் நடுங்கக் கூடாது. பக்கத்து இருக்கைப் பெண் ஒருநாள் எழுந்து வேறு பெட்டிக்குப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை

இறங்கும் நேரம் லண்டனுக்கு மதியம் என்றார்கள். நான் விரதம் நேர்ந்திருந்ததால் வீட்டில் மீன், இறைச்சி என்று மச்சம் எதுவும் இல்லை. சோறு, பருப்பு, கத்தரிக்காய்ப் பால்கறி.

அலுவலகத்திலிருந்து வரும் பெண் காலையிலேயே வந்தார். பெயர் மிசாகி. லண்டனில் வேலை செய்யும் இளம் பொறியியலாளர். சப்பாத்தைக் கழற்றி, அதைத் திருப்பி, முனை வாசலைப் பார்க்க வைத்தார். உடனே ஓடத் தயாராகத்தான் வைக்கிறார் என்று கணவரின் காதில் சொன்னேன்.

"அது அவையளின்ர பழக்கம்" என்றார் என் கணவர். "ஷின்ஜியும் அப்பிடித்தானே வைக்கிறவர்."

உண்மைதான். இருந்தாலும் நான் போய் ஒரு சப்பாத்தைத் திருப்பி வைத்தேன். பிறகு வெட்கமாக இருந்தது, பழையபடி வைத்தேன். மிசாகி மறுக்கத் தெரியாமல் நான் ஊற்ற ஊற்றத் தேநீர் குடித்தார்.

தர்சினி முதல்நாள் மாலையிலிருந்து எதுவும் சாப்பிடவில்லை. காலையில் கீழே வந்து எங்கள் மூவரையும் பார்த்தாள்.

"நான் டிவி பாக்க மாட்டன். போனையும் ஓஃப் பண்ணிட்டன். ஹார்ட் அடிக்கிறது எனக்கே கேக்குது, பேபிக்கும் கேக்கும். நான் மேல இருக்கிறன். சத்தம் வர விடாதேங்கோ. சும்மா சும்மா வந்து 'இப்ப அங்க, இப்ப இங்க' எண்டு சொல்லவும் வேண்டாம். நிச்சயமாத் தெரிஞ்ச பிறகு அம்மா மட்டும் வாங்கோ. நல்லதெண்டாலும் சரி, மற்றதெண்டாலும் சரி."

"கொஞ்சமாவது சாப்பிட்டிட்டுப் போ பிள்ளை. மிட்வைஃப் என்ன சொன்னவ?"

"ஏலாது அம்மா."

தொலைக்காட்சியின் சத்தத்தை முழுதாக நிறுத்தினோம். மிசாகி காதில் ஒரு கருவியை வைத்துக்கொண்டு அவ்வப்போது எங்களுக்குக் கிசுகிசுத்தார்.

கலம் காற்றுக்குள் நுழைந்ததும் தொடர்பு அறும். அதைச் சுற்றி நெருப்பாக இருக்கும், வானொலி வேலை செய்யாது. இதையெல்லாம் ஷின்ஜி முன்பே சொல்லியிருந்தார். எவ்வளவு நேரம் என்பதையும் சொல்லியிருந்தார். அந்த நேரம் முடிந்தது. திரையில் கட்டுப்பாட்டு அறையில் ஒரு பெண் பேனாவை மூடித் திறந்துகொண்டிருந்தார். தொடர்பு வரவில்லை.

"சில வேளை கூடுதலாக எடுக்கும்" என்றார் மிசாகி. காதிலிருந்த கருவியை இன்னும் அழுத்திப் பிடித்தார்.

நான் இரண்டாவது வசனத்தை மனதுக்குள் சொல்லிப் பார்த்தேன். வந்தது. நடுக்கமில்லாமல் வந்தது. அதுதான் இன்றைக்கும் என்னை உலுக்குகிற விஷயம். மேலே என் பிள்ளை இருக்கிறாள், என் வாயில் அந்த வசனம் தயாராக இருக்கிறது.

பிறகு மிசாகி கையை உயர்த்தினார். குரல் கேட்டதாம். கொஞ்ச நேரத்தில் திரையில் நான்கு பரசூட் விரிந்தது. சரியாகச் சொன்னால் மூன்று விரிந்தது. நான்காவது, மடித்த குடைபோலத் தொங்கியது.

"மூண்டிலயும் இறங்கலாம்" என்று நான் சொன்னேன். அறையிலிருந்த யாரும் என்னைக் கேட்கவில்லை. "ஷின்ஜி இதுவும் நடக்கலாம் எண்டு சொன்னவர். மூண்டே போதும்."

அந்த நான்காவதும் மெதுவாக, வேண்டா வெறுப்பாக விரிந்தது. கலம் கடலில் விழுந்தது.

இப்போதும் நான் மேலே போகவில்லை. நிச்சயமாகத் தெரிய வேண்டும் என்றல்லவா சொல்லியிருந்தாள்? படகுகள் போய், கலத்தைக் கப்பலில் ஏற்றி, கதவு திறந்து, ஆளைப் பார்க்கும்வரை காத்திருந்தோம். முக்கால் மணி நேரம் போயிருக்கும். மிசாகியின் தொலைபேசி அடித்தது. எழுந்து நின்று ஜப்பானிய மொழியில் பேசினார். பிறகு எங்களுக்குத் தலை குனிந்து, "நலமாக இருக்கிறார், சிரிக்கிறார்" என்றார்.

என் கணவர் அழுதார். திருமணமான நாள்முதல் அவர் அழுது நான் கண்டதில்லை. பழக்கமில்லாததால் எப்படி அழுவது என்று தெரியாமல், பெரிய சத்தமாக, ஒரேயடியாக அழுதார். மிசாகியும் கைக்குட்டைக்குள் விசும்பினார். நானும்தான்.

மேல்மாடி

அடுத்து நான் செய்ததற்கு என்னிடம் நியாயம் இருந்தது. செய்தியைச் சொன்னால் பிள்ளை துள்ளிக் குதித்துக் கீழே ஓடுவாள். தொலைபேசியில் உட்காருவாள். அவளுடைய மாமியார் எடுப்பார், சிநேகிதிகள் எடுப்பார்கள். சாப்பாடு அவ்வளவுதான். வயிற்றுக்குள் ஒரு பிள்ளை முதல்நாளிலிருந்து பட்டினி. ஐந்து நிமிடம் பிந்தினால் என்ன?

தட்டில் சோறு போட்டேன், பருப்பு விட்டேன், கத்தரிக்காய் வைத்தேன். மூக்கைச் சிந்தி முகத்தைத் துடைத்துக்கொண்டு படியேறினேன்.

கட்டிலில் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். நான் உள்ளே போய், குளிர் வராமல் காலால் கதவைச் சாத்தினேன்.

"முதல்ல சாப்பிடு பிள்ளை. பிறகு சொல்லுறன்."

அவள் தட்டைப் பார்த்தாள். பிறகு என் முகத்தைப் பார்த்தாள். 'ஆர் செத்தது' என்று கேட்கவில்லை. இரண்டு கையையும் நீட்டித் தட்டை வாங்கினாள்.

சாப்பிட்டாள். நான் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். மெதுவாக, ஒவ்வொரு வாயாக, மென்று விழுங்கினாள். கத்தரிக்காய் அவளுக்குப் பிடிக்காது. அதையும் சாப்பிட்டாள். பல நாளுக்குப் பிறகு பிள்ளை வடிவாகச் சாப்பிடுகிறாள் என்று எனக்குச் சந்தோஷம். "இன்னும் கொஞ்சம் கொண்டுவரட்டோ?" என்றுகூடக் கேட்டேன். தலையை ஆட்டி வேண்டாம் என்றாள். ஒரு பருக்கை மிச்சம் விடவில்லை.

"முடிஞ்சுது" என்றாள். "சொல்லுங்கோ."

"வந்திட்டார் பிள்ளை, சுகமாய் இருக்கிறார்."

"ஆர்?"

"ஆரெண்டால்? ஷின்ஜிதான். கப்பலில ஏத்தீட்டினம். சிரிக்கிறாராம்."

அவள் அசையவில்லை.

"அப்பா ஏன் அழுதவர்?"

"சந்தோஷத்தில."

"கதவை ஏன் சாத்தினீங்கள்?"

"குளிர்."

"சாப்பாடு?"

"நேற்றிலயிருந்து நீ சாப்பிடேல்லையே பிள்ளை..."

சொல்லிக்கொண்டிருக்கும்போதே எனக்கு விளங்கிவிட்டது. அவள் மடியிலிருந்த தட்டை எடுக்கப் பார்த்தேன். அவள் விடவில்லை.

"பேபிக்கு வேணுமெண்டுதான் சாப்பிட்டன்" என்றாள். குரலில் ஏற்ற இறக்கம் இல்லை. "அவரில்லை, இனி இது ஒண்டுதான் எண்டு நினைச்சன். அவற்ற அம்மாவுக்கு நான்தான் சொல்லோணும் எண்டு நினைச்சன். பேபிக்கு அவற்ற பேரை வைக்கிறதெண்டு முடிவெடுத்தன். மனசுக்குள்ள அவற்ற ஊருக்குக் கொண்டுபோய்ப் பனியைக் காட்டினன். கத்தரிக்காய் முடியேக்க நான் திரும்பி வேலைக்குப் போகத் தொடங்கீட்டன், அம்மா."

மன்னிப்புக்கு நான் வசனம் எதுவும் பாடமாக்கியிருக்கவில்லை.

அவளுக்கு அழுகையும் வரவில்லை, சிரிப்பும் வரவில்லை. சோறு ஒட்டிய கையால் என் மணிக்கட்டைப் பிடித்தாள். நாடி பார்ப்பதுபோல இறுக்கிப் பிடித்தாள். "உண்மையாத்தானே?" என்றாள். "உண்மையாத்தான்" என்றேன். "சத்தியமா?" "சத்தியமா." இன்னும் இறுக்கினாள். அதன்பிறகுதான் அழத் தொடங்கினாள். நான் அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டேன். இருவருக்கும் நடுவில் வயிறும் தட்டும் இருந்தன.

கீழே என் கணவர் அழுது முடித்திருந்தார். படியடியில் வந்து நின்று, மூக்கை உறிஞ்சிக்கொண்டு கத்தினார்:

"தர்சி! அம்மா சொல்லீட்டாவோ?"

அவள் என் தோளிலிருந்து முகத்தை எடுத்தாள். கதவுப் பக்கம் திரும்பினாள்.

"ஓம் அப்பா" என்றாள். "ரெண்டையும் சொல்லீட்டா."